எஸ்ட்ரஸ் 7 அங்குலத் தட்டு: தீ விபத்துக்கு முந்தையதா, பிந்தையதா?

எஸ்ட்ரஸ் ரெக்கார்ட்ஸின் வரலாற்றை எழுதிக்கொண்டிருக்கிறேன். ஒரு இசைத்தட்டின் காலம் பிடிபடாமல் அப்படியே நிற்கிறது. 1987-இல் வாஷிங்டன் மாநிலத்து பெல்லிங்ஹாமில் டேவ் க்ரைடர் தொடங்கிய, கராஜ் பங்க் என்னும் கரடுமுரடான ராக் இசையை வெளியிட்ட இசைத்தட்டு நிறுவனம் இது. 1997-இல் கிடங்கில் தீப்பிடித்து இருப்பில் இருந்த தட்டுகள் சாம்பலாயின. அதனால்தான் முதல் அச்சா, மறு அச்சா என்பது எனக்கு முக்கியம்.

என்னிடம் இருப்பது க்ரைடரின் சொந்த இசைக்குழுவான மோனோ மென்னின் 7 அங்குலத் தட்டு. கருப்பு வினைல், சியாட்டிலில் பழைய தட்டுக் கடையில் வாங்கியது. உறையில் ஆண்டு இல்லை. தட்டின் நடுவில் உள்ள லேபிள் காகிதத்தைச் சுற்றியுள்ள வழவழப்பான வளையத்தில், டார்ச்சைச் சாய்த்து அடித்தால், கையால் கீறிய வெளியீட்டு எண் தெரிகிறது. ஆனால் அதே உலோக அச்சை வைத்து மறுபடி அச்சிட்டால் அந்தக் கீறலும் மாறாது, அதை நம்பிப் பயனில்லை. இசைத்தட்டுகளைப் பட்டியலிடும் டிஸ்காக்ஸ் இணையதளத்தில் இந்த எண்ணுக்கு ஒரே பதிவுதான். விற்றவருக்கும் தெரியவில்லை.

எஸ்ட்ரஸ் தட்டுகள் வைத்திருப்பவர்களே, லேபிள் காகிதத்திலோ உறையிலோ எந்த அடையாளத்தைப் பார்த்து மறு அச்சைப் பிரித்தறிகிறீர்கள்?