மறு: இன்டிமசி கோஆர்டினேட்டர் – தமிழில் என்ன சொல்லலாம்?

குழும நண்பர்களுக்கு வணக்கம். திரைப்படங்களில் நெருக்கமான காட்சிகள் எடுக்கும்போது நடிகர் பக்கம் நிற்கும் 'இன்டிமசி கோஆர்டினேட்டர்' என்பவருக்குத் தமிழ்ப் பெயர் தேடிக்கொண்டிருக்கிறோம்.

> 'நெருக்கக் காட்சி ஒருங்கிணைப்பாளர்' போதுமே. புதிதாக எதற்கு?

போதும்தான் ஐயா. ஆனால் ஒருங்கிணைப்பாளர் என்றதும் எனக்குக் கரை வேட்டிதான் கண்ணில் தெரிகிறது. அது போகட்டும். அந்த ஆளின் வேலையே அதில் இல்லையே! நடிகர் எதற்குச் சரி என்றார், எதற்கு மாட்டேன் என்றார், இன்று காலை மனம் மாறிவிட்டதா என்று கேட்டு இயக்குநரிடம் சொல்பவர் அவர். அமெரிக்கத் தொலைக்காட்சி நிறுவனமான எச்பிஓவின் 'தி டியூஸ்' தொடரில் நடிகை எமிலி மீட் தன் பக்கம் நிற்க ஒருவர் வேண்டும் என்று கேட்டதால் வந்தவர்தான் அலிசியா ரோடிஸ். 2018இல் அந்நிறுவனம் நெருக்கக் காட்சி உள்ள தன் தொடர்கள் எல்லாவற்றுக்கும் இப்படி ஒருவரை வைப்பதை வழக்கமாக்கியது.

ஆகவே முதலில் கன்சென்ட்டுக்குச் சொல் வேண்டும். இந்த இழையில் பலரும் 'ஒப்புதல்' என்கிறீர்கள். ஒப்புதல் ஒருமுறை கொடுப்பது. கையெழுத்து விழுந்தால் கோப்பு மூடிவிடும். 1972இல் வந்த 'லாஸ்ட் டேங்கோ இன் பாரிஸ்' படத்துக்கு மரியா ஷ்னைடர் ஒப்புக்கொண்டுதான் நடித்தார். வயது 19. அதிலுள்ள பாலியல் வன்முறைக் காட்சியில் வெண்ணெயைப் பயன்படுத்துவது என்று இயக்குநர் பெர்டோலுச்சியும் உடன் நடித்த பிராண்டோவும் அன்று காலை தங்களுக்குள் பேசி முடித்தார்கள். அவரிடம் முன்கூட்டிச் சொல்லவில்லை. படத்துக்கு ஒப்புதல் இருந்தது. அந்தக் காட்சிக்கு இல்லை.

பார்சிலோனாவில் இயக்குநர் எரிக்கா லஸ்ட் போன்றோர் பெரிய நிறுவனங்களைச் சாராமல் எடுக்கும் காமப் படங்களில் இது இன்னும் கூர்மையாகிறது. (ஆபாசப் படம் என்று எழுதாதீர்கள், அது தீர்ப்பு, வகைப்பெயர் அல்ல.) அங்கே மறைப்புத் துணியும் இல்லை, பாவனையும் இல்லை. யாருடன், எதுவரை என்று முன்பே பேசிவிட்டாலும், நடுவில் 'நிறுத்து' என்றால் கேமரா நிற்க வேண்டும். காட்சி முழுதாக முடிந்தால்தான் சம்பளம் என்றால் அந்த 'நிறுத்து' வாயில் வருமா?

என் பரிந்துரை 'இசைவு'. இசைந்தார், இசையவில்லை, இசைவை விலக்கிக்கொண்டார் என்று வினையாகவும் ஓடும். அரசிலும் புழங்குகிறது. மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் ஆலைகளுக்குத் தருவது இசைவாணை. 2018இல் ஸ்டெர்லைட்டுக்கு அதைப் புதுப்பிக்க மறுத்ததும் நினைவிருக்கும். அதாவது, கொடுத்ததைத் தொடராமல் விடலாம் என்பது அந்தச் சொல்லுக்கு ஏற்கெனவே பழக்கம்.

> அப்படியானால் 'இசைவிப்பாளர்'?

ஐயையோ, வேண்டாம். இசைவிப்பவர் என்றால் மாட்டேன் என்பவரைப் பேசிப் பேசி இசைய வைப்பவர். அந்த வேலைக்கு சினிமாவில் எப்போதும் ஆள் இருந்திருக்கிறார்கள். அவர்களைத் தடுக்கத்தானே இவர் வருகிறார்! 'இசைவுக் கண்காணிப்பாளர்' என்றால் தேர்வறை வாசம்.

'இசைவு நடுவர்' எப்படி? இயக்குநருக்கும் நடிகருக்கும் நடுவில் நிற்பவர், தேவைப்பட்டால் விசில் ஊதுபவர். தீர்ப்புச் சொல்வது அவர் வேலையல்ல என்பது சரி, அந்தக் குறை உண்டு. இன்னொன்றும் உறுத்துகிறது. டைட்டில் கார்டில் 'இசை' என்று போட்ட கையோடு 'இசைவு நடுவர்' என்று வந்தால், ஏதோ பாட்டுப் போட்டிக்கு வந்தவர் என்று நினைத்துவிடுவார்களோ? யாரிடமாவது மாற்று இருந்தால் சொல்லுங்கள்.