சேனல் – கட்சி உறவு பற்றி ஆவணப்படம்: எங்கிருந்து ஆரம்பிப்பது?

கோடம்பாக்கம் எடிட்டர்:
தமிழ் நியூஸ் சேனல்களுக்கும் கட்சிகளுக்கும் உள்ள உறவைப் பற்றி ஒரு மணி நேர ஆவணப்படம் எடுக்க ரொம்ப நாளாக ஆசை. 1993-ல் சன், 1999-ல் ஜெயா, 2007-ல் கலைஞர் டிவி என்று கட்சிக்கொரு சேனல் பார்த்து வளர்ந்த ஊர் இது. ஆனால் எந்த சேனலும் கேமராவை உள்ளே விடாது என்கிறார்கள். அப்புறம், விவாத நிகழ்ச்சி கிளிப்புகளைப் போட்டால் காப்பிரைட் பிரச்சினை வருமா? சென்சார் கட்டாயமா?

தரமணி தோழர்:
முதலில் வினய் சுக்லாவின் 'வைல் வீ வாட்ச்ட்' (2022) பாருங்கள் தோழர். என்டிடிவியில் ஹிந்தி நியூஸ் ஆங்கர் ரவீஷ் குமார் வேலை பார்த்த நாட்களைக் கூடவே இருந்து எடுத்த படம். என்னை உலுக்கியது கேக் வெட்டுகிற காட்சிகள்தான். ஒருவர் வேலையை விட்டுப் போகிறார், ஆபீஸில் கேக் வெட்டுகிறார்கள், கொஞ்ச நேரத்தில் இன்னொருவர், இன்னொரு கேக். ஆள் குறைகிறது என்று யாரும் வாய்விட்டுச் சொல்ல வேண்டியதே இல்லை. நீங்களும் ஆங்கரை விட்டுவிட்டு டெஸ்க்கில் உட்கார்ந்து செய்தியைத் திருத்துகிற சப் எடிட்டரைத் தேடுங்கள். திரைக்கு அடியில் ஓடுகிற ஸ்க்ரோலில் ஒரு வார்த்தையை மாற்றச் சொல்லி யார் போன் செய்கிறார்கள் என்பது அவருக்குத்தான் தெரியும்.

மயிலாப்பூர் வக்கீல்:
1957 காப்பிரைட் சட்டத்தின் 52-ஆம் பிரிவு விமர்சனத்துக்காக நியாயமான அளவு எடுத்தாள இடம் தருகிறது. இத்தனை நொடி என்று கணக்கெல்லாம் அதில் இல்லை, அதனால் கிளிப்பை வெறுமனே ஓடவிடாமல் அதைப் பற்றி நீங்கள் என்ன சொல்கிறீர்கள் என்பது படத்திலேயே தெரிய வேண்டும். பொதுவில் திரையிட 1952 சினிமா சட்டப்படி சென்சார் சான்றிதழ் வேண்டும். பயப்படாதீர்கள். ஆவணப்பட இயக்குநர் ஆனந்த் பட்வர்த்தனின் 'வார் அண்ட் பீஸ்' படத்தில் சென்சாரில் வெட்டச் சொன்னார்கள், அவர் பாம்பே ஹைகோர்ட் வரை போய் 2003-ல் வெட்டே இல்லாமல் அனுமதி வாங்கினார்.

வியாசர்பாடி கேபிள்:
தம்பி, எல்லோரும் ஸ்டுடியோவையே பேசுகிறீர்கள். நான் கேபிள் தொழிலில் இருக்கிறேன். செட்டாப் பாக்ஸில் ஒரு சேனல் எந்த நம்பரில் வருகிறது என்பதில்தான் பாதி அரசியல். நியூஸ் வரிசையில் இருக்கிற சேனலை ராத்திரியோடு ராத்திரியாகக் கடைசிக்குத் தள்ளிவிட்டால் ஜனங்கள் ரிமோட்டை அழுத்தி அழுத்தித் தேடிக்கொண்டிருக்க மாட்டார்கள், டிஆர்பி விழும், பின்னாலேயே விளம்பரமும் போகும். சேனலைக் கேபிளில் எடுத்துக் காட்ட கேரேஜ் ஃபீஸ், நல்ல இடத்தில் வைக்க பிளேஸ்மென்ட் ஃபீஸ் என்று சேனல்கள் கேபிள் நிறுவனங்களுக்குப் பணம் கட்டுகின்றன. இங்கே 2007-ல் இருந்து அரசுக்கே கேபிள் நிறுவனம் இருக்கிறது, யார் ஆட்சிக்கு வந்தாலும் அது அவர்கள் கைக்குப் போகிறது. இதை விட்டுவிட்டு என்ன படம்? கலெக்‌ஷனுக்குப் போகிற பையனோடு ஒரு தெரு நடந்து பார். "நம்ம சேனல் எங்கப்பா போச்சு?" என்று வாசலில் நின்று கேட்கிற பெரியவர்களை அவர்கள் சம்மதத்தோடு எடு.

கோடம்பாக்கம் எடிட்டர்:
அண்ணே, கட்டாயம் எடுக்கிறேன். நம்பர் மாற்றுவதைக் காட்ட முடியுமா? முகம் வேண்டாம், கை மட்டும் தெரிந்தால் போதும்.

வியாசர்பாடி கேபிள்:
அது என் கையில் இல்லை தம்பி, மேலே ஹெட்எண்டில், அதாவது எல்லாச் சேனலையும் வாங்கிக் கேபிளில் அனுப்புகிற இடத்தில் நடக்கிறது. எங்கள் ஏரியாவுக்கு லைன் எப்படி வருகிறது என்று காட்டுகிறேன். மாசம் முதல் வாரம் வா, கலெக்‌ஷன் அப்போதுதான்.