பின்னங்கால் தளர்ந்த முயலுக்கு நீர்ச்சிகிச்சை அளிக்கலாமா?

கேள்வி: வெள்ளைமுயல்
வணக்கம். என் 6 வயது முயலின் பின்னங்கால்கள் அண்மைக்காலமாக வலுவிழந்து, நடக்கும்போது பாதம் தரையில் இழுபடுகிறது. மருத்துவர் மருந்து கொடுத்துள்ளார். நாய்களைத் தண்ணீருக்குள் டிரெட்மில்லில் நடக்கவைத்துத் தேற்றுவதைப் பார்த்ததிலிருந்து, வீட்டுத் தொட்டியில் வெதுவெதுப்பான நீரை நிரப்பி முயலை நீந்தவிடலாமா என்று யோசிக்கிறேன். முயல்கள் மல்லாந்து மிதந்தபடி அமைதியாக இருக்கும் காணொளிகளும் உள்ளன. விவரம் அறிந்தவர்கள் வழிகாட்ட வேண்டுகிறேன்.

பதில் 1: கால்நடை இயன்முறையாளர்
தயவுசெய்து வீட்டுத் தொட்டியில் இறக்கிவிடாதீர்கள். இடுப்பளவு நீரில் நிற்கும் நாயின் கால்கள் அதன் எடையில் ஏறத்தாழ 38 விழுக்காட்டை மட்டுமே தாங்குகின்றன. சுமை குறைவதால் மூட்டு வலியின்றி அசைகிறது, நீரின் எதிர்ப்பால் தசை வலுப்பெறுகிறது. இந்த இயற்பியல் முயலுக்கும் பொருந்தும், ஆனால் முயலின் மனமும் உடலும் வேறு. அது வேட்டையாடப்படும் விலங்கு. பிடி தளர்ந்தால் மிரண்டு உதைக்கும். அதன் எலும்புகள் மெலிந்தவை, பின்னங்கால் தசைகளோ மிக வலியவை என்பதால், அந்த ஓர் உதையிலேயே கீழ்முதுகெலும்பு முறிந்துவிடக்கூடும். அடர்ந்த ரோமம் எளிதில் உலராததால் உடல் குளிர்ந்துபோகும். அச்சத்தில் அது உணவை நிறுத்தினால் குடலியக்கமும் நின்றுவிடலாம்.

காணொளிகளில் நீங்கள் கண்டது அமைதியன்று. மல்லாத்தினால் முயல் அச்சத்தில் அசைவற்றுக் கிடக்கும். அதை இன்பக் குளியல் என்று பரப்புவது எனக்கு எரிச்சலூட்டுகிறது.

பயிற்சி பெற்றவர்கள் முயலின் மார்பையும் பின்புறத்தையும் கைகளால் தாங்கியபடி, சில நிமிடங்களுக்கு மட்டும் இச்சிகிச்சையை அளிப்பதுண்டு. அதற்கும் முன்பாகத் தளர்ச்சியின் காரணம் தெரிய வேண்டும்: மூட்டுவாதமா, முதுகெலும்புக் காயமா, அல்லது என்செஃபாலிட்டோசூன் குனிகுலி என்னும் ஒட்டுண்ணித் தொற்றா? காயம் என்றால் தண்ணீரில் அசைப்பதே கேடாக முடியும்.

பதில் 2: ஆமைவீடு
நான் நில ஆமை வளர்ப்பவன். எங்களுக்கு வெதுவெதுப்பான நீர் அன்றாடத் துணை. தாடை மூழ்காத ஆழத்தில் உட்காரவைத்தால் ஆமை நீர் அருந்தும், மலமும், யூரேட் என்னும் வெண்ணிறச் சிறுநீர்க் கழிவும் எளிதாக வெளியேறும். ஆனால் அது நீரிழப்புக்கும் மலச்சிக்கலுக்கும் உதவுமேயன்றி, கால்சியமும் புறஊதா பி ஒளியும் குறைந்து எலும்பு மென்மையான ஊர்வனவற்றைக் குணப்படுத்தாது. அவற்றை ஊறவைத்த பாத்திரத்தைச் சமையலறைப் பக்கம் கொண்டுபோகாதீர்கள்; சால்மோனெல்லா என்னும் நோய்க்கிருமி பரவும். சின்சில்லா என்னும் கொறிவிலங்கை வைத்திருப்பவர்களுக்கு ஒரு சொல்: அதை நனைக்கவே வேண்டாம், அதன் ரோமம் முயலினுடையதைவிடவும் அடர்த்தியானது.

வெள்ளைமுயல்
நன்றி. தொட்டி எண்ணத்தைக் கைவிட்டேன். ஆனால் சிறுநீர் பட்டுப் பின்புறம் நனைந்தே கிடக்கிறது. அதைக் கழுவாமல் எப்படி விடுவது?

பதில் 3: கால்நடை இயன்முறையாளர்
அதை விடக்கூடாது, தோல் புண்ணாகும், ஈக்கள் முட்டையிட்டால் புழுக்கள் சதையைத் துளைக்கும். அழுக்கான இடத்தை மட்டும் சிறிதளவு வெதுவெதுப்பான நீரால் கழுவி, துண்டால் ஒற்றி, தோல்வரை உலர்த்துங்கள். வழுக்காத விரிப்பைப் பரப்பி, தினமும் கால்களைப் பார்வையிடுங்கள். முயலின் பாதங்களில் நாய்க்கு இருப்பதுபோன்ற மெத்தைகள் இல்லாததால் இழுபடும் இடம் விரைவில் புண்ணாகும். கால்களை மடக்கி நீட்டும் பயிற்சியை, மருத்துவர் ஒருமுறை உங்கள் கையைப் பிடித்துக் காட்டிக்கொடுத்த பிறகே தொடங்குங்கள்.