திமுகவின்ர பேராசிரியர் அன்பழகனை நேர்ல பாத்தவை, பேச்சுக் கேட்டவை இருந்தா எழுதுங்கோ

வெள்ளவத்தைக்காரன்:
நானே தொடங்கிறன். 83ல கொழும்பில தமிழருக்கு எதிரா நடந்த கலவரத்தில வீடு போய், பம்பலப்பிட்டி இந்துக் கல்லூரி முகாம்ல இருந்து, கப்பல்ல காங்கேசன்துறை போய், அடுத்த வருசம் ஒரு மாதிரி சென்னைக்குப் போய்ச் சேந்தனாங்கள், புரசைவாக்கம் பக்கம் ஒரு சின்ன வீடு. அப்பா கொழும்பில வாத்தியாரா இருந்தவர், அங்க வேலையில்லை, பின்னேரத்தில எங்க கூட்டம் நடந்தாலும் என்னையும் கூட்டிக்கொண்டு போவார். அப்பிடித்தான் ஒருநாள் பேராசிரியர் பேசினதைக் கேட்டது. மூங்கில்ல டியூப் லைட் கட்டின மேடை, எனக்கு முன்னால நிண்ட ஆள்ட தோள்ல கறுப்பு சிவப்புக் கரை போட்ட துண்டு, எட்டி எட்டித்தான் பாக்கவேணும். முதல் பேசினவை எல்லாம் கத்திப் பேசிச்சினம், இவர் வந்து மைக்கைப் பிடிச்சதும் சத்தம் அடங்கிட்டுது, ஆறுதலா, ஒரு விசயத்தை எடுத்து அதை முடிச்சிட்டு மற்றதுக்குப் போற மாதிரிப் பேச்சு. அப்பா குனிஞ்சு என்ர காதுக்குள்ள, இவர் பச்சையப்பன் கல்லூரியில படிப்பிச்சவரடா, பேசிறதைப் பாத்தாலே தெரியுது எண்டார். வீட்ட வரும்வரைக்கும் அதைத்தான் கதைச்சவர்.

எங்களுக்கு அந்த மனிசன் பெரிசாத் தெரிஞ்சதுக்கு வேற காரணமும் இருக்கு. 83 ஆகஸ்ட்ல எங்கட பிரச்சினைக்காகக் கலைஞரும் அவரும் சட்டசபை உறுப்பினர் பதவியை விட்டவை. முகாம்ல பாணுக்கு வரிசையில நிண்ட ஆக்களுக்கு, எங்களுக்காக ஒருத்தர் பதவியை விட்டிட்டார் எண்டு கேக்கிறது எவ்வளவு பெரிய விசயம் எண்டு இப்பத்தைப் பிள்ளையளுக்கு விளங்கப்படுத்தேலாது. 2009ல இலங்கையில போர் முடிஞ்ச நேரம் பற்றி எங்கட ஆக்களுக்குள்ள வேற வேற கருத்து இருக்கு, அந்த நேரம் அவர் தமிழ்நாட்டு நிதி அமைச்சர், அந்தக் கேள்வி எனக்கும் இருக்கு. ஆனா 83ஐ நான் மறக்க மாட்டன்.

கொட்டாஞ்சேனை டீச்சர்:
நான் நேர்ல பாக்கேல்ல. எங்கட ஒழுங்கையில ஒரு ஐயா இருந்தவர், இப்ப இல்லை, 50கள்ல சென்னைக்குப் போய்ப் பச்சையப்பன்ல படிச்சவர். அன்பழகன் சேர்ட வகுப்பெண்டா வேற பாடம் படிக்கிற பெடியளும் வந்து பின்னால நிப்பாங்களாம், ஐயா சொல்லேக்க அவற்ற முகமே மாறும். 57ல எழும்பூர்ல வெண்டு சட்டசபைக்குப் போனதோட படிப்பிக்கிறது முடிஞ்சுது, அதுக்குப் பிறகு எம்பி, சுகாதாரம், கல்வி, நிதி எண்டு எத்தினை அமைச்சு, 77ல இருந்து கட்சிப் பொதுச்செயலாளர். ஆனாலும் 2020 மார்ச்ல 97 வயசில சாகும்வரைக்கும் சனம் கூப்பிட்டது பேராசிரியர் எண்டுதான். நானும் படிப்பிக்கிறனான், அதாலயோ தெரியேல்ல, எனக்கு இது சரியான சந்தோசம். கலைஞரை விட வயசில மூத்தவர், அப்பிடியிருந்தும் அவரைத் தலைவரா ஏற்றுக்கொண்டு கடைசி வரைக்கும் கூட நிண்டார், அது லேசுப்பட்ட குணமில்லை.

மருதானைப் பெடியன்:
போன வருசம் அம்மாட கண் ஒப்பரேசனுக்குச் சென்னை போகேக்க நுங்கம்பாக்கம் கல்லூரிச் சாலையால ஓட்டோவில போனம், அங்க பள்ளிக்கல்வித்துறை வளாகத்துக்கு அவற்ற பேர்தான் வச்சிருக்கு, ஓட்டோ அண்ணன் முந்தி டிபிஐ எண்டு சொல்லுவம் தம்பி எண்டார். அவற்ற நூற்றாண்டு வந்த 2022லதான் அந்தப் பேர் வச்சவை. அமைச்சரா இருந்தவருக்கு மண்டபம், ரோட்டு எண்டு பேர் வைக்கிறது வழமை, பள்ளிக்கூடங்களை நடத்திற இடத்துக்கு வச்சது எனக்குப் பிடிச்சிருந்தது.

படிப்பிச்சு அமைச்சரான ஆள் எங்கட கொழும்புப் பக்கத்திலயும் இருந்திருக்கு. டி. பி. ஜாயா 1921ல மருதானை ஸாஹிராக் கல்லூரிக்கு அதிபரா வந்து இருபத்தஞ்சு வருசத்துக்கு மேல அந்தப் பள்ளியை வளர்த்தவர், 47ல இலங்கையின்ர முதல் அமைச்சரவையில தொழில் அமைச்சர். எங்கட வாப்பா ஸாஹிராவில படிச்சவர், ஜாயாட காலத்துக்குப் பிறகுதான் சேந்தவர், ஆனா அவரும் ஜாயா சேர் எண்டுதான் சொல்லுவார்.

டீச்சர், அந்த ஐயா சொன்ன பச்சையப்பன் கதை வேற ஏதும் ஞாபகம் இருந்தா தயவுசெய்து எழுதுங்கோ, அந்தக் காலத்தில கொழும்பில இருந்து சென்னைக்குப் படிக்கப் போன ஆக்கள்ட கதையை ஆரும் எழுதி வைக்கேல்ல.