வீட்டுக்குள் பாக் சோய், வள்ளைக்கீரை: சேலம், ஏற்காட்டில் வளர்த்தவர்கள் சொல்வது

அழகாபுரம், இரண்டாவது மாடி

பாக் சோய் என்கிற சீனக் கீரை சேலத்தில் வருமா என்று கேட்கிறவர்களுக்கு: வரும், ஆனால் கார்த்திகையிலிருந்து மாசி வரைதான். 15 முதல் 22 டிகிரி வரை இருந்தால் அதற்குச் சுகம். வெயில் ஏறி, பகலும் நீண்டால் இலை விடுவதை நிறுத்திவிட்டு நடுவிலிருந்து பூத்தண்டை நீட்டிவிடும். அப்புறம் இலை கசக்கும்.

எங்கள் வீட்டில் மேலே மொட்டை மாடி. பகலெல்லாம் காய்ந்த கான்கிரீட் ராத்திரியில் அனலை உள்ளே இறக்குகிறது. அதனால் நான் வெளிச்சத்தைவிடச் சூட்டைப் பார்த்துத்தான் இடம் பிடிப்பேன். கூடத்தில் வடக்குச் சுவர் ஓரம், தரையிலேயே தொட்டி. மேலே அரை அடி உயரத்தில் சாதாரண 20 வாட் வெள்ளை எல்.இ.டி. பட்டை விளக்கு. செடி வளர வளர விளக்கையும் ஏற்றிக் கட்ட வேண்டும். குளிர்காலத்தில் 14 மணி நேரம் எரியவிடுவேன், தை கடந்தால் 11 மணி நேரமாகக் குறைப்பேன். பகல் குறுகினால் பூப்பது தள்ளிப்போகும்.

தொட்டிக்கு 15 சென்டிமீட்டர் ஆழம் போதும். தென்னை நார்க்கழிவு, மண்புழு உரம், செம்மண் மூன்றும் சமபங்கு. விதை நாலைந்து நாளில் முளைக்கும். முளைத்ததும் வெளிச்சம் கிடைக்காவிட்டால் நூல் மாதிரி நீண்டு சாய்ந்துவிடும், அதை நிமிர்த்த முடியாது. பிஞ்சாகப் பறிக்க ஒரு மாதம், முழுச் செடிக்கு ஒன்றரை மாதம் ஆகும்.

செவ்வாய்ப்பேட்டை

அக்கா, தண்ணீரைப் பற்றிச் சொல்லவே இல்லையே? எங்கள் தெரு போர் தண்ணீரை ஊற்றினால் கொஞ்ச நாளில் தொட்டி மண்மேல் வெள்ளையாக உப்புப் பூக்கிறது, இலை ஓரமும் கருகுகிறது. வெளியில் மழை பெய்து கழுவிவிடும், வீட்டுக்குள் உப்பு போக வழியே இல்லை. மேட்டூர் தண்ணீர் வரும் நாளில் கீரைக்கென்று ஒரு குடம் பிடித்து வைக்கிறேன். ஆர்.ஓ. கழிவுத் தண்ணீரைச் செடிக்கு ஊற்றச் சொல்கிறார்கள். குழாய்த் தண்ணீரில் இருந்த உப்பெல்லாம் திரண்டு நிற்பது அதில்தான். தொட்டிக் கீரைக்கு வேண்டவே வேண்டாம். ஏ.சி.யிலிருந்து சொட்டும் தண்ணீர் அதைவிட எவ்வளவோ மேல்.

அம்மாபேட்டை

ஓர் இணையக் கடையில் பாக் சோய் விதை என்று வாங்கினேன். முளைத்தது கடுகு. நாற்றில் இரண்டுக்கும் வித்தியாசம் தெரியாது. முதலில் வரும் இரண்டு விதையிலைக்கு அடுத்து நிஜ இலை வந்த பிறகு பாருங்கள்: கடுகு இலை சொரசொரப்பாக, ஓரம் வெட்டுப்பட்டு இருக்கும். பாக் சோய் வழவழவென்று கரண்டி வடிவில், காம்பு தடித்து வரும். காசு போனது போனதுதான், கடுகுக் கீரையைப் பருப்பு போட்டுக் கடைந்து சாப்பிட்டோம். இன்னொன்று, விதை சிவப்பாகவோ நீலமாகவோ சாயம் பூசி வந்தால் அது பூஞ்சைக்கொல்லி கலந்தது. அதை முளைகட்டிச் சாப்பிட எடுக்காதீர்கள்.

கொண்டலாம்பட்டி

சித்திரை வெயிலில் பாக் சோயோடு ஏன் மல்லுக்கட்ட வேண்டும்? வள்ளைக்கீரை போடுங்கள். கங்குன் என்று இலங்கைக்காரர்கள் சொல்வதும் இதுதான். சூடு ஏற ஏறத்தான் இதற்குக் குஷி. ஒரு சாண் தண்டைத் தண்ணீரில் வைத்தால் கணுவில் வேர் விடும், ஓட்டை போடாத பெயின்ட் வாளியில் சேறாக வைத்தாலும் வளரும். வெயில் வரும் ஜன்னல் மட்டும் கட்டாயம். குளத்தில் பறித்ததை நான் வாங்குவதில்லை, சாக்கடை எங்கே கலக்கிறது என்று யாருக்குத் தெரியும்? வெறும் தண்ணீரில் நிற்க வைத்தால் கொசு வரும், இரண்டு நாளுக்கு ஒருமுறை மாற்றிவிடுங்கள். சிறுகீரை, தண்டுக்கீரை, கொடிப்பசலையும் இந்தச் சூட்டைத் தாங்கும்.

ஏற்காடு

அண்ணா, உங்கள் வள்ளைக்கீரை இங்கே மார்கழியில் அப்படியே உறைந்து நிற்கிறது. 1,500 மீட்டர் உயரத்தில் அதற்கு என்ன வேலை! பாக் சோய் எங்களுக்கு ஏறக்குறைய வருஷம் முழுக்க வரும். எங்கள் தொல்லை வேறு. மழைக்காலத்தில் பனிமூட்டம் இறங்கினால் கண்ணாடி வராந்தாவில்கூட வெளிச்சம் இருக்காது, மண் காயாது, நாற்று அடியில் அழுகிச் சாயும். நான் மேலே தண்ணீர் தெளிப்பதை விட்டுவிட்டேன். தட்டில் ஊற்றி அடியிலிருந்து உறிஞ்ச விட்டு, அரை மணியில் மிச்சத்தைக் கொட்டிவிடுவேன். சின்ன மின்விசிறி ஒன்று ஓடினால் இன்னும் நல்லது. ராத்திரியில் ஓடில்லா நத்தை கதவிடுக்கில் வந்து மேய்ந்துவிட்டுப் போகும், டார்ச் அடித்துப் பொறுக்குவதைத் தவிர வேறு வழி எனக்குக் கிடைக்கவில்லை.

அழகாபுரம்

தண்ணீர் விஷயம் சரி, தம்பி. மண்ணில் குட்டி ஈ பறக்கிறது என்று தனியாகக் கேட்டவருக்கு: மேல்மண் காய்ந்த பிறகே தண்ணீர் ஊற்றுங்கள், மஞ்சள் ஒட்டும் அட்டை ஒன்றைச் செருகுங்கள். பஞ்சகவ்யா, மீன் அமிலம் மாதிரி நாற்றமடிக்கும் இயற்கைக் கரைசல் எல்லாம் மாடித் தோட்டத்துக்கு. கூடத்தில் தெளித்தால் வீட்டில் இருப்பவர்கள் செடியோடு சேர்த்து நம்மையும் வெளியே வைப்பார்கள். பூத்தண்டு வந்த பாக் சோயைப் பிடுங்கி எறியாதீர்கள். மொட்டு விரியும் முன் தண்டோடு ஒடித்து, பச்சை மிளகாயும் தேங்காயும் போட்டுப் பொரியல் செய்யலாம்.