சங்கத் தேர்தல் தகராறில் நம்மைக் கேட்காமலே உத்தரவு போடலாமா?

குறிஞ்சிப்பாடி கறவைக்காரன்:
எங்கள் ஊர்ப் பால் சங்கத் தேர்தலில் வாக்காளர் பட்டியலிலிருந்து என் மாமா பெயரை எடுத்துவிட்டார்கள். தொடர்ந்து பால் ஊற்றவில்லையாம். தேர்தல் முடிந்ததும் மனு கொடுத்தோம். விசாரணைக்கு வரச் சொல்லி ஒரு துண்டுக் கடிதம்கூட வரவில்லை, நேராக 'மனு தள்ளுபடி' என்று தபால் வந்தது. செயலாளர் கொண்டுபோய்க் காட்டிய கொள்முதல் பதிவேட்டைப் பார்த்து முடிவெடுத்ததாக அதில் எழுதியிருக்கிறது. மாமாவின் பால் அட்டையை யாருமே கேட்கவில்லை. காலை எத்தனை லிட்டர், மாலை எத்தனை லிட்டர், கொழுப்பு எவ்வளவு என்று சங்கத்து ஆளே எழுதிக் கையெழுத்துப் போட்ட அட்டை அது. பதிவேட்டில் இல்லாத நாட்களெல்லாம் அதில் இருக்கின்றன.

பண்ருட்டி, ஓய்வு பெற்ற செயலாளர்:
தம்பி, உங்கள் வருத்தம் புரிகிறது. ஆனால் இதற்கு இன்னொரு பக்கமும் உண்டு. ஒவ்வொரு மனுவுக்கும் சாட்சி, குறுக்கு விசாரணை, வக்கீல், வாய்தா என்று ஆரம்பித்தால் நிர்வாகக் குழுவின் பதவிக்காலமே முடிந்துபோகும். தோற்ற அணி வேண்டுமென்றே இழுத்தடித்து, ஜெயித்தவர்களை ஒரு தீர்மானமும் போட விடாமல் செய்ததை நான் வேலையில் இருந்தபோது பார்த்திருக்கிறேன். உறுப்பினருக்குக் கறவை மாட்டுக் கடன்கூடக் கிடைக்காமல் நின்றது. அப்புறம், சங்கத்து ஓட்டு சட்டம் கொடுத்த உரிமைதான், அடிப்படை உரிமை கிடையாது.

கடலூர் வழக்கறிஞர்:
சார், சட்டம் கொடுத்ததாகவே இருக்கட்டும், அதைப் பறிக்கும்போது ஆளைக் கேட்க வேண்டாமா? 1983ஆம் வருடத்துத் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம், 90ஆவது பிரிவின்படி இந்தத் தகராறு கூட்டுறவுச் சங்கங்களின் பதிவாளரிடம் போகிறது. அவரோ அவர் அதிகாரம் கொடுத்தவரோ அங்கே நீதிபதி வேலைதான் பார்க்கிறார். 1977 நாடாளுமன்றத் தேர்தலில் பஞ்சாபின் பெரோஸ்பூர் தொகுதியில் எண்ணிக்கையின்போது கலவரம் நடந்து வாக்குச்சீட்டுகள் நாசமாகின, தேர்தல் ஆணையம் மொத்த வாக்குப்பதிவையும் ரத்து செய்தது. அங்கே வேட்பாளராக நின்ற மொகிந்தர் சிங் கில் தொடுத்த அந்த வழக்கில், ஆணையமேயானாலும், பாதிக்கப்படுபவரைக் கேட்காமல் முடிவெடுக்கக் கூடாது என்கிற இயற்கை நீதிக்குக் கட்டுப்பட்டதுதான் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. உத்தரவில் எழுதாத காரணத்தைப் பிற்பாடு பிரமாணப் பத்திரத்தில் சேர்த்து முட்டுக்கொடுக்க முடியாது என்றதும் அதே தீர்ப்புதான்.

பண்ருட்டி, ஓய்வு பெற்ற செயலாளர்:
அந்த வழக்கில் ஆணையத்தின் உத்தரவை நீதிமன்றம் ரத்து செய்யவில்லையே? அதையும் சொல்லுங்கள்.

கடலூர் வழக்கறிஞர்:
செய்யவில்லை, உண்மைதான். தேர்தல் மனு என்று தனி வழி இருக்கிறது, குறையை அங்கே போய்ச் சொல்லலாம் என்றுதான் விட்டார்கள். நம் விஷயத்தில் 90ஆவது பிரிவு மனுதான் அந்த வழி. அதிலேயே வாய் திறக்க விடவில்லை என்றால் அவர் வேறு எங்கே போய்ச் சொல்வார்? மேல்முறையீட்டில் சொல்லலாம் என்பீர்கள். முதல் விசாரணையில் பதிவுக்கே வராத அட்டையை அங்கே ஏற்றுக்கொள்ள வைப்பது எவ்வளவு பாடு என்று உங்களுக்கும் தெரியும். குறுக்கு விசாரணை எல்லா மனுவுக்கும் வேண்டும் என்று நான் சொல்லவில்லை. எதை வைத்து முடிவெடுக்கப் போகிறார்களோ அதன் நகலைக் கொடுத்து, பதில் சொல்ல நாலு நாள் அவகாசம் தரட்டும். எந்தச் சங்கமும் இதனால் முடங்காது.

பாகூர் விவசாயி:
நாங்கள் புதுச்சேரி, எங்களுக்கு 1972ஆம் வருடத்துச் சட்டம் தனி. ஆனாலும் இங்கேயும் இதே பேச்சுதான். எனக்குப் பெரிய உறுத்தல், விசாரிப்பவர் யார் என்பதுதான். தேர்தல் நடத்துவதும் துறை ஆட்கள், குழு இல்லாதபோது தனி அலுவலராக உட்காருவதும் அவர்கள், கடைசியில் தகராறைத் தீர்ப்பதும் அவர்களே. 1969இல் கிரைபக் வழக்கில், வனத்துறைப் பணிக்குப் போட்டியிட்ட அதிகாரியே தேர்வுக் குழுவிலும் இருந்தார் என்பதற்காக அந்தத் தேர்வையே உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. தன் பெயர் வந்தபோது அவர் ஒதுங்கியிருந்தும் விடவில்லை.

பண்ருட்டி, ஓய்வு பெற்ற செயலாளர்:
துறை ஆட்கள் எல்லாரையும் சந்தேகப்பட்டால் விசாரிக்க ஆளே மிஞ்சமாட்டார்கள், அதை நான் ஏற்கமாட்டேன். அந்தத் தேர்தலை நடத்திய அதே நபர் விசாரிக்கக் கூடாது என்பதோடு நிறுத்துங்கள், சரி. ஆனால் பதிவேட்டு நகல் கொடுத்திருக்க வேண்டும், அட்டையைக் கேட்டிருக்க வேண்டும். அதில் தம்பி பக்கம்தான் நான். கொள்முதல் பதிவேடு பொழுது சாய்ந்து ஒரே கையில் எழுதப்படுகிற புத்தகம், அட்டையோடு ஒத்துப் பார்க்காமல் அதை மட்டும் நம்பி முடிவெடுப்பது வேலை தெரிந்தவர் செய்கிற காரியம் இல்லை.

குறிஞ்சிப்பாடி கறவைக்காரன்:
நன்றி ஐயா. பதிவேட்டு நகல் கேட்டு நாளைக்கே எழுதிக்கொடுக்கிறோம். வழக்கறிஞர் அண்ணே, மேல்முறையீட்டோடு அட்டையின் எல்லாப் பக்கமும் வைக்க வேண்டுமா, தகராறான மாதங்கள் மட்டும் போதுமா?

கடலூர் வழக்கறிஞர்:
எல்லாப் பக்கமும் வையுங்கள். அசலைக் கையை விட்டுக் கொடுக்காதீர்கள்.