புதுப்பிப்பு: சிம்ஸ் 4 ஓடுகிறது, அழித்த சேவும் கிடைத்துவிட்டது

சிம்ஸ் 4 கம்ப்யூட்டர் கேமை நீக்கி மறுபடி போட்டும் லோடிங் திரையிலேயே நிற்கிறது, சேவ் ஃபைல்களை (ஆடிய ஆட்டம் சேமிக்கப்பட்டிருக்கும் ஃபைல்கள்) அழித்துவிடவா என்று போன வாரம் கேட்டிருந்தேன். பொறுக்கச் சொன்னீர்கள். அதற்குள் ஒரு சேவை அழித்துத் தொலைத்திருந்தேன்.

கேமை நீக்கினாலும் டாக்குமென்ட்ஸில் எலக்ட்ரானிக் ஆர்ட்ஸுக்குள் இருக்கும் 'தி சிம்ஸ் 4' ஃபோல்டர் அப்படியே இருக்குமாம். சேவ், மாட்ஸ் (ரசிகர்கள் செய்த, கேமில் கூடுதலாகச் சேர்க்கும் ஃபைல்கள்), ட்ரே (நாம் எடுத்து வைத்த வீடுகள், குடும்பங்கள்) எல்லாம் அதில்தான். பழைய குப்பை கூடவே வந்ததில் ஆச்சரியமில்லை.

முதலில் அந்த ஃபோல்டரை அப்படியே காப்பி எடுத்து வைத்தேன். மாட்ஸை வெளியே இழுத்துப் போட்டதும் கேம் திறந்தது. பிறகு பாதிப் பாதியாகத் திரும்பப் போட்டுப் பார்க்கும் வேலை. சுமார் 1,200 ஃபைல்கள். பதினோராவது சுற்றில் மாட்டியது, கேம் அப்டேட்டுக்கு முந்தைய ஒரே ஒரு ஸ்கிரிப்ட் மாட், அதாவது கேம் இயங்கும் விதத்தையே மாற்றும் மாட். நான் சந்தேகப்பட்ட மாட் சோபாக்களும் புடவைகளும் நிரபராதிகள்! ஒவ்வொரு சுற்றிலும் 'லோக்கல்தம்ப்கேஷ்' என்ற தற்காலிக ஃபைலை அழித்தேன். கேம் அதைத் தானே மறுபடி உருவாக்கிக்கொள்ளும், பயமில்லை.

அழித்த சேவ்? அதே எண்ணில், வால்பகுதியில் 'வெர்0' முதல் 'வெர்4' வரை பழைய பிரதிகள் இருந்தன. 'வெர்0' வாலை மட்டும் வெட்டிப் பெயர் மாற்றினேன், குடும்பம் திரும்பிவிட்டது. ஒரு எச்சரிக்கை: மாட்ஸ் வெளியே இருக்கும்போது பழைய சேவைத் திறந்தால் சேமிக்காமல் வெளியேறுங்கள். நான் சேமித்துவிட்டேன், மாட் கூந்தல் போய், கேமில் இருக்கும் என் பாட்டி இப்போது மொட்டைத் தலையோடுதான் தோட்டத்துக்குத் தண்ணீர் ஊற்றுகிறாள்.